ஊருக்கெல்லாம் அப்பா

நாற்காலியெல்லாம் வேண்டாம் டீச்சரம்மா. படியே போதும். முட்டி மடக்கி ஒருதரம் உட்கார்ந்துட்டேன், மறுபடி எழுந்திருக்கிறதுதான் கஷ்டம். தண்ணி மட்டும் குடுங்க.

ஆமா, காலையில எட்டு மணியிலேர்ந்து உட்கார்ந்திருக்கேன். நீங்க சர்ச்சுக்குக் கிளம்பும்போதே பார்த்தீங்க. யாரோ கேஸ் கம்பெனி ஆள்னு நினைச்சிருப்பீங்க. தலைக்குச் சாயம் அடிக்கறதை விட்டதுலேர்ந்து யாருக்கும் சட்டுனு தெரியறதில்ல. குரலைக் கேட்டாத்தான் திரும்பிப் பார்க்கறாங்க. நீங்களும் அப்படித்தானே. "வழி விடுங்க"ன்னு நீங்க சொல்லி, "தாராளமாம்மா"ன்னு நான் சொன்னதும் நின்னுட்டீங்க.

ஆமாம்மா. அந்த சீரியல் அப்பாதான். சிதம்பரநாதன். ஒன்பது வருஷம். ராத்திரி சாப்பாட்டு நேரத்துக்கு உங்க வீட்டுக்கெல்லாம் வந்துட்டுப் போனவன். நிஜப் பேரு கலியபெருமாள். ஆடுதுறைப் பக்கம்.

கதவு திறக்குமான்னு பார்த்துக்கிட்டே பேசறேன், தப்பா நினைக்காதீங்க. உள்ள என் சம்சாரம் இருக்கா. சௌந்தரவல்லி. உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும், எதிர்வீடாச்சே. அவளைப் பார்க்கத்தான் மெட்ராஸ்லேர்ந்து வந்தேன். நேத்து சாயங்காலம் வந்து பஸ் ஸ்டாண்டுகிட்ட ஒரு லாட்ஜ்ல தங்கினேன். அவளுக்கு உடம்பு முடியலைன்னே போன வாரம்தான் தெரியும். அதுவும் வீட்டுலேர்ந்து யாரும் சொல்லல. சபாபதின்னு என் மேக்கப்மேன், அவன் அண்ணனைப் பார்க்க இங்க ஓசூர் ஆஸ்பத்திரிக்கு வந்தப்ப, சௌந்தராவை வீல்சேர்ல வச்சு கோதை தள்ளிக்கிட்டுப் போனதைப் பார்த்திருக்கான். "அண்ணே, அண்ணி பாதியாயிட்டாங்கண்ணே"ன்னு போன்ல சொல்றான். நாப்பத்தி மூணு வருஷம் குடும்பம் நடத்தினவளோட உடம்பு எனக்கு மேக்கப்மேன் சொல்லித் தெரியுது. என்ன பண்றது.

கோதை என் மக. பூங்கோதை. காலையில பெல் அடிச்சேன், சங்கிலி போட்டபடி கொஞ்சமா கதவைத் திறந்தா. நான் பஸ்ஸுல வரும்போதே சொல்ல வேண்டியதையெல்லாம் யோசிச்சு வச்சிருந்தேன். சொன்னேன். "பெத்தவன் பாவிதாம்மா. ஆனா பாவிக்கும் ஒரு வாசல் உண்டு. உன் காலைத் தொட்டுக் கேக்கறேன்"ன்னு. அவ முழுசாக் கேட்டா. அப்புறம் கேக்கறா, "இது எந்தப் படத்துல வர்றதுப்பா?"

கதவைச் சாத்திட்டா.

என்ன கொடுமைன்னா டீச்சரம்மா, அவ சொன்னப்புறம்தான் எனக்கே ஞாபகம் வந்துச்சு. அது ஒரு படத்துலதான் வருது. ஜெயில்லேர்ந்து வந்த அண்ணனா பண்ணியிருந்தேன். கூடப் பொறந்தவன்னு இருந்ததைப் பெத்தவன்னு மாத்தி, காலைத் தொடறதை மட்டும் புதுசா சேர்த்திருக்கேன். ஏழு மணி நேரம் பஸ்ஸுல வந்து நானா யோசிச்சேன்னு நினைச்சது அது.

நாப்பத்தி நாலு வருஷம்மா. கம்பெனி நாடகத்துல ஆறு வருஷம், அதுக்கப்புறம் சினிமா. முதல் படத்துல தபால்காரன். "அம்மா, தந்தி." அவ்வளவுதான் வசனம். சரியா சொன்னேன் போலிருக்கு, அதுக்கப்புறம் பதினோரு படத்துல தபால்காரனாவே போட்டாங்க. ஒரு டைரக்டர்தான் கண்ணு வச்சு வேற குடுத்தாரு. நாவிதர் வேஷம். ரெண்டு மாசம் கும்பகோணத்துல ஒரு கடையில நின்னு வேலை கத்துக்கிட்டேன். என் மாமனாருக்கே நான்தான் சவரம் பண்ணி விட்டேன். டாக்டர் வேஷம்னா பெரியாஸ்பத்திரியில பத்து நாள் ஓ.பி. சீட்டு வாங்கிக்கிட்டு வரிசையில நின்னு டாக்டரைப் பார்ப்பேன். ஒரே வாரத்துல திங்கக்கிழமை பூசாரி, புதன்கிழமை இன்ஸ்பெக்டர், வெள்ளிக்கிழமை திருடன். இன்ஸ்பெக்டரும் திருடனும் ஒரே ஸ்டேஷன் செட்டு. ரெண்டு நாளைக்கு முன்னாடி நான் பூட்டின லாக்கப்புல நானே போய் உட்கார்ந்தேன்.

ஹீரோவோட பேரைத்தான் போஸ்டர்ல போடுவான். ஆனா படம் விட்டு வெளிய வர்றவன், "அந்தக் கிழவன் ஒரு சீன்ல கலக்கிட்டான்யா"ம்பான். அந்தக் கிழவன் நான். அப்ப எனக்கு முப்பத்தி நாலு வயசு.

எங்கேர்ந்து எடுக்கறீங்கன்னு கேப்பாங்க. எல்லார்கிட்டேர்ந்தும்தான். யாரு எப்படி மூக்கைச் சிந்தறாங்க, யாரு எப்படிப் பொய் சொல்றாங்க, பார்த்துக்கிட்டே இருப்பேன். எங்களுக்குக் கோதைக்கு முன்னாடி ஒரு பையன் பொறந்தான். பதினோரு மாசம் இருந்தான். காய்ச்சல். ஆஸ்பத்திரியிலேர்ந்து வந்தப்புறம் சௌந்தரா அழவே இல்ல. அவன் சட்டையை எடுத்து மடிப்பா. பிரிப்பா. மறுபடி மடிப்பா. மத்தியானம் பூரா. நான் கதவுகிட்ட நின்னு பார்த்துக்கிட்டே இருந்தேன். எட்டு வருஷம் கழிச்சு ஒரு படத்துல பிள்ளையைப் பறிகுடுத்த தகப்பன். டைரக்டர் அழச் சொன்னாரு. நான் அழலை. ஒரு சட்டையைக் கேட்டு வாங்கி மடிச்சேன், பிரிச்சேன், மடிச்சேன். லைட் பாய் எல்லாம் கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. அதுக்கு விருது குடுத்தாங்க. கேடயம் இன்னும் ஷோகேஸ்ல இருக்கு.

சௌந்தராவைத் தியேட்டருக்குக் கூட்டிக்கிட்டுப் போனேன். இடைவேளையில எழுந்தா. தலைவலின்னு தனியா பஸ் பிடிச்சு வீட்டுக்குப் போயிட்டா. அவளுக்கு அப்பலேர்ந்தே ஒத்தைத் தலைவலி உண்டு. அதுக்கப்புறம் என் படம் எதையும் அவ தியேட்டர்ல பார்க்கல. கூட்டம்னாலே ஆகாது அவளுக்கு.

சீரியல்ல அந்த சீன் ஞாபகம் இருக்கான்னு கேக்க வந்தேன், நீங்களே சொல்லிட்டீங்க. அதுல என் மக அபிராமி, புருஷன் வீட்டுலேர்ந்து பெட்டியோட வந்து நிப்பா. நான் வாசல்ல ஈசிசேர்ல. எத்தனை வீட்டுல அழுதாங்கம்மா அன்னைக்கு. நீங்களும் அழுதீங்களா? உங்க மாமியாரும் நீங்களுமா? பாருங்க. அடுத்த நாள் காய்கறிக் கடையில ஒரு கிழவி என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "எங்கப்பனும் இப்படித்தான்யா சொன்னான்"னு விக்கி விக்கி அழறா. அந்த வசனத்தை அப்ப எல்லாருமே சொன்னாங்க. "பொறந்த வீட்டு வாசல் எப்பவும் திறந்துதாம்மா இருக்கும். ஆனா அது நீ வந்துட்டுப் போறதுக்கு..." அங்க ஒரு இடைவெளி விடுவேன். அது எழுதினவர் போட்டதில்ல, நான் போட்டது. துண்டை எடுத்துத் தோள் மாத்துவேன். அப்புறம்தான், "தங்குறதுக்கு இல்ல."

அது ஒளிபரப்பாகி ஒரு வாரம் இருக்கும். காலையில ஏழு மணி. நான் குளிச்சிட்டு அன்னைக்கு சீன் பேப்பரைப் பார்த்துக்கிட்டிருக்கேன், கம்பெனி கார் வந்துடும். கோதை வந்து நிக்கிறா. கையில ஒரு பை. பெட்டிகூட இல்ல, காய்கறி வாங்கற பை. உதடு வீங்கியிருந்துச்சு.

"அப்பா, நான் இனிமே அங்க போகல"ன்னா.

மாப்பிள்ளையைப் பத்தி நான் தப்பாச் சொல்ல மாட்டேன். எம்மேல ரொம்ப மரியாதை உள்ள பையன். கல்யாணத்துக்கு முன்னாடியே என் ரசிகன். ஆபீஸ்லேர்ந்து கூட்டாளிங்களைக் கூட்டிக்கிட்டு வந்து என்கூட நிக்க வச்சு போட்டோ எடுப்பான். அப்படிப்பட்டவன் கை நீட்டறான்னா ஏதோ கோபம், என்னவோ, புருஷன் பொண்டாட்டிக்குள்ள நாம என்ன சொல்றது. அதுவும் கீழ கார் வந்து ஹாரன் அடிக்கிறான். சௌந்தரா அடுப்படியில நிக்கிறா, என்னையே பார்க்கறா.

நான் நடிக்கலைம்மா. சத்தியமா சொல்றேன். மனசுலேர்ந்துதான் வந்துச்சு. வார்த்தைதான் வேற யாரோ எழுதினது. "கோதை, உட்காரு"ன்னேன். உட்காரல. "பொறந்த வீட்டு வாசல் எப்பவும் திறந்துதாம்மா இருக்கும். ஆனா அது நீ வந்துட்டுப் போறதுக்கு"ன்னு சொல்லி நிறுத்தினேன். தோள்ல துண்டு கிடந்துச்சு. கை தானாப் போச்சு.

அவளே சொன்னா. "தங்குறதுக்கு இல்ல."

சரியா அந்த இடைவெளி முடிஞ்சதும் சொன்னா. என் குரல் மாதிரியே. பையை எடுத்துக்கிட்டு இறங்கிப் போயிட்டா.

எனக்கு அப்ப என்ன தோணுச்சு தெரியுமா டீச்சரம்மா? பெருமையா இருந்துச்சு. பொண்ணு மனப்பாடமா வச்சிருக்காளே, புரிஞ்சுக்கிட்டாளேன்னு. கார்ல போகும்போது டிரைவர்கிட்டகூடச் சொன்னேன்.

நீங்க ஏன் எழுந்துட்டீங்க? உட்காருங்க. அடுப்புல ஏதாவது இருக்கா? இல்லையா. சரி.

முழுசாக் கேளுங்க, எனக்கும் ஒரு நியாயம் இருக்கு. கொஞ்ச நாள்லயே கோதைக்கு அடிபட்டு ஆஸ்பத்திரியில இருக்கான்னு சௌந்தரா போன் பண்ணா. நான் அப்ப பொள்ளாச்சியில அவுட்டோர் ஷூட்டிங். "பேசறாளா? நடக்கறாளா?"ன்னு கேட்டேன். "ம்"னா. "அப்பச் சரி, ஷெட்யூல் முடிச்சிட்டு வரேன்"னேன். நான் வரலைன்னா நாப்பது பேர் சும்மா உட்கார்ந்திருப்பாங்க. பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டான்னு மாப்பிள்ளைதான் போன்ல விவரமாச் சொன்னாரு. ஷெட்யூல் முடிஞ்சு வீட்டுக்கு வந்தா சௌந்தரா இல்ல. துணைக்குப் போயிருக்கான்னு இருந்தேன். ரெண்டு மாசம் ஆச்சு, நாலு மாசம் ஆச்சு. அப்புறம் ஓசூர்ல வீடு பார்த்துட்டாங்க, கோதைக்கு இங்க கம்பெனியில வேலை, கோர்ட்டுல விவாகரத்தும் வாங்கிட்டான்னு ஒண்ணொண்ணாத் தெரிஞ்சுது. சௌந்தரா என்கிட்ட சண்டை போட்டுக்கிட்டுப் போகல. முட்டிவலி, நம்ம வீடு மூணாவது மாடி, அதனால இருக்கும்னு நினைச்சேன். இதுவும் மூணாவது மாடிதான். இன்னைக்கு ஏறும்போதுதான் எண்ணினேன்.

ஆனா சீரியல்ல என் மகளா நடிச்ச பொண்ணு இன்னைக்கும் போன் பண்ணும். "அப்பா, மாத்திரை போட்டீங்களா"ன்னு கேக்கும்.

பேச முயற்சி பண்ணாம இல்ல. ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி கும்பகோணத்துல என் தங்கச்சி பேத்தி கல்யாணம். கோதை வந்திருந்தா. சாப்பாட்டுக் கூடத்துல முன்னாடி நடந்து போறா. நான் பின்னாலேர்ந்து கூப்பிட்டேன். "கோதை." திரும்பல. "கோதை, அப்பா கூப்பிடறேன்." திரும்பல. மூணாவது தரம் என் முழுக் குரல்ல கூப்பிட்டேன். மைக் இல்லாம கடைசி வரிசைக்குக் கேக்கற குரல்மா இது. இலை போடறவன் நின்னுட்டான். பந்தியில உட்கார்ந்திருந்த அத்தனை சொந்தமும் என்னைப் பார்க்குது. அந்தப் பொண்ணு மட்டும் திரும்பல. நேராப் போயிட்டா.

அன்னைக்கு முடிவு பண்ணேன், இனிமே நானா போக மாட்டேன்னு. ஊருக்கெல்லாம் அப்பா, நம்ம பொண்ணுக்கு வேலைக்காரன்கூட இல்ல. அந்த அவமானத்தை நெஞ்சுல வச்சுக்கிட்டு ரெண்டு வருஷம் இருந்தேன். சீரியலும் முடிஞ்சுது. புதுசா யாரும் கூப்பிடல. வீட்டுல பேச ஆள் கிடையாது. பால் பாக்கெட் போடறவன்கிட்டப் பேசுவேன். இல்லேன்னா பழைய வசனத்தை எடுத்து வச்சு சத்தமாப் படிப்பேன். குக்கர்ல எவ்வளவு தண்ணி வைக்கணும்னு சௌந்தராகிட்ட கேக்கலாம்னு போனை எடுப்பேன், வச்சிடுவேன். அவளா கூப்பிடட்டும்னு.

என்னது?

மிஷினா? யாரு காதுல?

இல்லம்மா, எனக்குத் தெரியாது. முடியை இறக்கி விட்டுக்கிட்டிருப்பா, நான் கவனிக்கல. காலையில கதவு இடுக்குல பாதி முகம்தான் தெரிஞ்சுது.

இடதா. இடது காது சுத்தமா கேக்காதா. வலதுலயும் பாதிதானா. சத்தமான இடத்துல மிஷினைக் கழட்டி வச்சிடுவாளா. சாப்பாட்டுக் கூடம்னா கழட்டியிருப்பா, இல்ல? இரைச்சல் தாங்காதுன்னு. ம்.

எந்த வருஷம்னு உங்ககிட்ட சொல்லியிருக்காளா?

அறைஞ்சதுல செவிப்பறை கிழிஞ்சு... ஏழு வருஷம் முன்னாடி, ஆவணி மாசம்.

என்கிட்ட அவ வந்து நின்னது ஆடி கடைசி.

கொஞ்சம் இருங்கம்மா.

நான் பொள்ளாச்சியிலேர்ந்து கேட்டேன் பாருங்க, பேசறாளா, நடக்கறாளான்னு. கேக்குதான்னு கேக்கல. சௌந்தரா "ம்"னு சொன்னது அதுக்குத்தான். நான் கேட்டதுக்கு அவ சரியாத்தான் பதில் சொல்லியிருக்கா.

டீச்சரம்மா, நீங்க உள்ள போய் ஒரு வார்த்தை சொல்றீங்களா? என்ன சொல்றதுன்னு எனக்குத் தெரியல. எது சொன்னாலும் எதுலயோ வந்ததாத்தான் இருக்கும். நான் மன்னிப்புக் கேக்க வரலைன்னு சொல்லுங்க. இல்ல, அதையும் சொல்லாதீங்க. அவங்கம்மாவைப் பார்க்கணும்னு மட்டும் சொல்லுங்க. பத்து நிமிஷம். அவ என்ன சொன்னாலும் கட்டுப்படறேன்.

*

ஒத்துக்கிட்டாளா? என்ன நிபந்தனை?

ஒரு வார்த்தை பேசக் கூடாதா. சரி. பேசல. கொஞ்சம் கை குடுங்க, எழுந்துக்கறேன்.

*

உங்க வீட்டுல உட்கார்ந்துக்கலாமா? படி வேண்டாம்.

பார்த்தேன். ஜன்னலோரம் கட்டில் போட்டிருக்காங்க. தலையணைக்கு நடுவுல அவ எங்க இருக்கான்னு ஒரு நிமிஷம் தேடினேன். கால் ரெண்டும் வீங்கியிருக்கு, முகம் மட்டும் சின்னதாயிடுச்சு. நான் ஸ்டூல்ல உட்கார்ந்தேன். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தா. ரொம்ப நேரம் பார்த்தா. "சாயம் போடறதை விட்டுட்டீங்களா?"ன்னா. தலையாட்டினேன். "இப்பத்தான் உங்களைப் பார்க்கற மாதிரி இருக்கு"ன்னா.

நான் ஒண்ணும் பேசல டீச்சரம்மா. அவ காலைப் பிடிச்சு விட்டேன். கல்யாணம் ஆனதுலேர்ந்து ஒருநாளும் பிடிச்சு விட்டதில்ல. அவ இழுத்துக்கப் பார்த்தா, முடியல, விட்டுட்டா.

அப்புறம் கேட்டா, "ஏங்க, பேச மாட்டீங்களா என்கிட்ட?"

கோதை அப்ப அந்தப் பக்கம் அலமாரிகிட்ட நின்னு மருந்தை ஊத்திக்கிட்டிருந்தா. எங்களுக்கு இடதுபக்கம் காட்டிக்கிட்டு. மெல்லப் பேசினா அவளுக்குக் கேட்டிருக்காது. எனக்கு அது தெரியும். நீங்கதானே சொன்னீங்க. குனிஞ்சு சௌந்தரா காதுல ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். கோதைக்குத் தெரியவே போறதில்ல.

சொல்லல. அவளுக்குக் காது கேக்காததை வச்சு இன்னொரு தரம் நான் தப்பிக்கக் கூடாதுன்னு தோணுச்சு. வாயை மூடிக்கிட்டு சௌந்தராவையே பார்த்தேன். அழவும் இல்ல. அழுதா அதையும் நடிப்புன்னு ரெண்டு பேரும் நினைப்பாங்க. அவங்க நினைக்கறதுல தப்பும் இல்ல.

சௌந்தரா என் விரலைப் பிடிச்சுக்கிட்டா. அப்படியே தூங்கிட்டா. விரலை உருவ எனக்கு மனசு வரல. கோதைதான் வந்து மெதுவா ஒவ்வொண்ணாப் பிரிச்சு விட்டா. அப்ப அவ கை என் மேல பட்டுது. ஏழு வருஷம் ஆச்சு.

வாசல் வரைக்கும் வந்தா. "வியாழக்கிழமை வாங்க. அன்னைக்குத்தான் எனக்கு அடுத்த லீவு"ன்னா. அதுக்கு முன்னாடி வரலாமான்னு கேக்கணும். பேச மாட்டேன்னு ஒத்துக்கிட்டிருக்கேனே. தலையை மட்டும் ஆட்டிட்டு வந்துட்டேன்.

இன்னைக்கு ஞாயித்துக்கிழமை. திங்கள், செவ்வாய், புதன். மூணு நாள் நடுவுல இருக்கு.

டாக்டர் என்ன சொல்லியிருக்காருன்னு உங்களுக்குத் தெரியும், இல்ல? உங்க முகத்தைப் பார்த்தாலே தெரியுது. முகம் பார்க்கறதுதானேம்மா என் தொழில். வேண்டாம், சொல்லாதீங்க.

நான் ஊருக்குப் போகல. அந்த லாட்ஜுலயே இருக்கேன், ஆட்டோவுல வந்தா பத்து நிமிஷம். என் நம்பரை எழுதிக்கங்க. சௌந்தராவுக்கு ஏதாவது ஒண்ணுன்னா, வியாழக்கிழமை வரைக்கும் தாங்காதுன்னா, கோதைகிட்ட நீங்கதான் கேக்கணும். வாசல்லயே நிக்கறேன்னு சொல்லுங்க, உள்ளகூட வர வேண்டாம். வாயைத் திறக்க மாட்டேன்னு சொல்லுங்க.

அவளோட வலது பக்கமா நின்னு சொல்லுங்கம்மா.